அந்தப் பக்கம் புடி

நாங்கள் அந்தப் பழைய கட்டடத்துக்கு முதன்முதலில் போனது ஒரு திங்கட்கிழமை காலை ஒன்பதரை மணிக்கு. பெரிய காஞ்சிபுரத்தில், பட்டுக்கடைகளின் பின்வாசல்கள் திறக்கும் ஒரு சந்து. கடைப் பையன்கள் காலி அட்டைப்பெட்டிகளை மிதித்துத் தட்டையாக்கிக் கட்டிக்கொண்டிருந்தார்கள். என் கணவர் ஜெயக்குமார் ஸ்கூட்டரை நிறுத்திவிட்டு ஹெல்மெட்டைக் கழற்றினார்.

"இனிமே விடிகாலை பஸ்ஸு கிடையாது. மத்தியானம் சூடா வீட்டுச் சாப்பாடு. ராஜா மாதிரி இருக்கலாம்," என்றார்.

ஒன்பது வருடம் நாங்கள் இருவரும் சென்னையில் ஒரே கம்பெனியில் மெடிக்கல் கோடிங் வேலை பார்த்தோம். டாக்டர்கள் எழுதிய குறிப்புகளைப் படித்து, நோய்க்கும் காயத்துக்கும் உரிய எண்ணைக் கண்டுபிடித்துப் போடுவதுதான் வேலை. எங்கள் பழக்கமும் கல்யாணமும் அந்த எண்களுக்கு நடுவில்தான் நடந்தன. ஊரோடு இருந்துவிடலாம் என்று நாங்கள் நினைத்துக்கொண்டிருந்தபோது இந்த வேலை வந்தது.

அது ஓர் எலும்பு ஆஸ்பத்திரியின் பழைய வீடு. மெயின் ரோட்டில் கண்ணாடி வைத்த நான்கு மாடிக் கட்டடம் வந்த பிறகு, இந்த வீட்டைப் பூட்டிப் பழைய கேஸ் ஷீட்டுகளைப் போட்டுவைத்தார்கள். ஆஸ்பத்திரியைத் தொடங்கிய பெரிய டாக்டர் இறந்துவிட்டார். அவருடைய மகன் அமெரிக்காவில் முதுகெலும்பு மருத்துவர். அப்பா காலத்தில் கீழ்முதுகு எலும்பு முறிந்து வந்த நானூற்றுப் பன்னிரண்டு பேரின் கேஸ்களையும், ஓர் ஆராய்ச்சிக்காக, அந்த நாட்டு முறையில் கோட் செய்து தரச் சொல்லியிருந்தார்.

சாவி வைத்திருந்தவர் முனிசாமி. மாகறல்காரர். நாற்பது வருடமாக அந்த ஆஸ்பத்திரியில் அட்டெண்டர்.

"உள்ள பல்லி ஜாஸ்திமா. சாயந்திரம் அஞ்சு மணிக்குப் பூட்டிடுவேன். நீங்க உள்ளயே இருந்தாலும் பூட்டிடுவேன், காது சரியா கேக்காது எனக்கு," என்றார். சிரிக்கிறாரா என்று தெரியவில்லை.

கூடத்தில் இரண்டு மேஜை போட்டிருந்தார்கள். கூடத்துக்குப் பின்னால் நீளமான அறை ஒன்று. கதவு இல்லை, பச்சைத் துணித் திரை மட்டும். அதுதான் அந்தக் காலத்துப் பெண்கள் வார்டு. ஆறு இரும்புக் கட்டில்கள் அப்படியே கிடந்தன. கால்களில் சின்னச் சின்னச் சக்கரங்கள். ஜன்னல்களை வெளியிலிருந்து பலகை அடித்து மூடியிருந்ததால் பகல் பதினொரு மணிக்கும் அங்கே கடைசிக் கட்டில் கண்ணுக்குத் தெரியாது. முப்பது வருடமாக யாருக்கும் கட்டுப் போடாத அந்த அறையில் ஈரமான மாவுக்கட்டின் வாசனை வந்தது. அப்போதுதான் குழைத்த மாவு எப்படி மணக்குமோ அப்படி.

"மழைத் தண்ணி சுவத்துல இறங்குது," என்றார் ஜெயக்குமார்.

அது மே மாதம். மழை பெய்து ஐந்து மாதமாகியிருந்தது.

*

எங்கள் வேலையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் நான் செய்த தவறு புரியாது.

கீழ்முதுகு முறிவுக்கான கோட் ஏழு இடங்கள் கொண்டது. முதல் ஆறு இடங்களில் எந்த எலும்பு, எப்படி உடைந்தது என்பதெல்லாம் வந்துவிடும். அழுந்தியதா, சிதறியதா, நிலையாக இருக்கிறதா. ஏழாவது இடத்தில் ஓர் எழுத்து. அந்த எழுத்து எலும்பைப் பற்றியது அல்ல, ஆளைப் பற்றியது. இப்போதுதான் சிகிச்சை நடக்கிறது என்றால் ஏ. சிகிச்சை முடிந்து, எலும்பு நல்லபடியாகக் கூடிவருகிறது, பரிசோதனைக்கு வந்துபோகிறார் என்றால் டி. கூடத் தாமதமாகிறது என்றால் ஒன்று. கூடவே இல்லை என்றால் ஒன்று. எல்லாம் முடிந்து குறை மட்டும் மிச்சம் என்றால் ஒன்று. இறந்துபோனவருக்கு மட்டும் எழுத்து கிடையாது. ஏழாவது இடம் உயிரோடு இருப்பவர்களுக்காக.

இன்னொரு விதியும் உண்டு. பயிற்சியின் முதல் நாளே சொல்லிக்கொடுப்பார்கள். கேஸ் ஷீட்டில் எழுதாதது நடக்கவில்லை. நாமாக ஊகித்து எதையும் போடக் கூடாது. குறிப்பு பாதியில் நின்றால் அந்த கேஸை ஒதுக்கிவைத்து, டாக்டரிடம் கேள்வி எழுதி அனுப்ப வேண்டும்.

இரண்டாவது வாரம் புதன்கிழமை, மத்தியானம் ஒரு மணி. நூற்று எழுபத்தொன்றாவது கேஸ்.

"சங்கரி, இது முடியவே இல்ல."

"என்ன முடியல?"

"கங்கையம்மாள், முப்பத்தெட்டு வயசு, திருப்பருத்திக்குன்றம். மாடிலேர்ந்து விழுந்திருக்காங்க. எல் ஒண்ணு சிதறிப்போச்சு. அட்மிஷன் இருக்குது, எக்ஸ்ரே இருக்குது. டிஸ்சார்ஜும் இல்ல, டெத் சம்மரியும் இல்ல. திருப்புற சார்ட் பாதியில நிக்குது."

எல் ஒன்று என்பது கீழ்முதுகின் முதல் எலும்பு. முதுகெலும்பு உடைந்தவர்கள் தாமாகப் புரளக் கூடாது. ஒரே பக்கம் கிடந்தால் படுக்கைப்புண் வந்துவிடும். அதனால் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை இரண்டு பேர் கட்டிலின் இரு பக்கமும் நின்று, விரிப்பை இறுகப் பிடித்து, ஒரே சமயத்தில் மரக்கட்டையைப் புரட்டுவது போலத் திருப்புவார்கள். திருப்பிய இருவரும் சார்ட்டில் கையெழுத்தாகத் தங்கள் பெயரின் முதல் எழுத்தைப் போட வேண்டும். வலது, மல்லாக்க, இடது, மறுபடி வலது. கங்கையம்மாளின் சார்ட் பங்குனி மாதத்து ஒரு நாளில், பகல் பன்னிரண்டு மணியோடு நின்றிருந்தது.

"கேள்வி எழுதி அனுப்பலாமா?" என்று கேட்டார்.

பெரிய டாக்டர் உயிரோடு இல்லை. கேள்வி அமெரிக்கா போய்த் திரும்ப ஒரு வாரமாகும். அன்றைக்கு எனக்கு இன்னும் இரண்டு கேஸ் பாக்கி. டப்பாவில் வத்தக்குழம்பு ஆறிக்கொண்டிருந்தது. நான் கம்ப்யூட்டர் திரையிலிருந்து கண்ணைக்கூட எடுக்கவில்லை.

"டி போட்டுட்டு வாங்க. பசிக்குது."

அவர் போட்டார்.

அவ்வளவுதான் நடந்தது. சிகிச்சை முடிந்தது, நன்றாகக் கூடிவருகிறாய், பரிசோதனைக்கு வந்துபோ என்று நாங்கள் கங்கையம்மாளுக்கு எழுதிக் கொடுத்துவிட்டோம்.

*

மறுநாள் காலை பத்து மணிக்கு வார்டில் ஒரு கட்டில் நகர்ந்தது.

பெரிய சத்தம் இல்லை. சின்னச் சக்கரம் மொசைக் தரையில் ஒரு சாண் உருண்டு நின்ற சத்தம். பூனையாக இருக்கும் என்றேன். ஜெயக்குமார் எழுந்து, திரையை விலக்கிக்கொண்டு உள்ளே போனார். நான்கைந்து நிமிடம் கழித்து வந்தார். உட்கார்ந்து வேலையைத் தொடர்ந்தார்.

பன்னிரண்டு மணிக்கு மறுபடி போனார்.

இரண்டு மணிக்கு.

நான்கு மணிக்கு.

"என்ன அங்க?"

"ஒண்ணுமில்ல. முதுகு புடிச்சுக்கினு இருக்குது. நடந்துட்டு வரேன்."

அவருக்கு முதுகுவலி இருந்ததே இல்லை. அந்த வாரக் கடைசியில் இடுப்புக்கு பெல்ட் வாங்கினார். நாற்காலியில் ஒரு பக்கமாகச் சாய்ந்து உட்காரத் தொடங்கினார். இரவில் நான் தைலம் தேய்க்கும்போது விலா எலும்புகளுக்குச் சற்றுக் கீழே, முதுகின் நடுவில் ஓர் இடத்தில் விரல் பட்டால் துடித்தார். அந்த இடத்தின் பெயர் எங்கள் இருவருக்குமே தெரியும்.

எல் ஒன்று.

திங்கட்கிழமை அவர் டீ வாங்கப் போயிருந்தபோது நூற்று எழுபத்தொன்றை எடுத்துப் பார்த்தேன். முப்பது வருடத்து மஞ்சள் தாள். அதே திருப்பும் சார்ட். பங்குனி மாதத்து வரிக்குக் கீழே புதிய வரிகள் இருந்தன. பத்து மணி, வலது. பன்னிரண்டு மணி, மல்லாக்க. இரண்டு மணி, இடது. ஒவ்வொரு வரியிலும் முதல் கையெழுத்துக் கட்டத்தில் "ஜெ" என்று இருந்தது. இரண்டாவது கட்டம் காலி.

அவர் டீயோடு வந்தார்.

"இதுதான் வெளையாட்டா? பழைய ரெக்கார்டுல போய்க் கிறுக்கி வச்சிருக்கீங்க."

அவர் சார்ட்டைப் பார்த்தார். கடைசி வரியில் விரலை வைத்தார்.

"நான் எழுதல. ஆனா அதுதான் டைம்," என்றார்.

*

செவ்வாய்க்கிழமை இரண்டு மணிக்கு அவர் எழுந்தபோது நான் பின்னாலேயே போய்த் திரையின் ஓரத்தில் நின்றேன்.

சந்தில் யாரோ அட்டைப்பெட்டியை மிதித்துக்கொண்டிருந்தார்கள். வெளியே அவ்வளவு வெயில். உள்ளே மாவுக்கட்டின் வாசனை மூக்கை அடைத்தது.

நான்காவது கட்டிலில் ஒரு வெள்ளை விரிப்பு. அன்று வரை அந்த அறையில் நான் விரிப்பு எதையும் பார்த்ததில்லை. ஜெயக்குமார் குனிந்து, ஒரு தலையணையைச் சுருட்டி, இல்லாத ஒரு முதுகுக்கு அடியில் மெதுவாகக் கொடுத்தார். தலையணை அமுங்கியது.

மேலே யாரும் இல்லை. ஆனால் அமுங்கியது.

"இப்ப பரவாயில்லையாமா?" என்று கேட்டார்.

பதில் எனக்கும் கேட்டது. காய்ந்த தொண்டையிலிருந்து, ஒரு பெண்ணின் குரல்.

"திருப்பி விடுப்பா."

நான் கூடத்துக்கு வந்து மேஜையைப் பிடித்துக்கொண்டேன். அவர் வந்தபோது அவர் முகத்தில் பயமில்லை. அதுதான் என்னை அதிகமாகப் பயமுறுத்தியது. காலையில் குழந்தைக்குக் காய்ச்சல் விட்டதைப் பார்த்த தகப்பனின் முகம்.

"நல்லாகிக்கினு வராங்க சங்கரி. நேத்து கால் விரல் அசஞ்சுது."

*

முனிசாமியை ஆஸ்பத்திரி வாசல் டீக்கடையில் பிடித்தேன். கங்கையம்மாள் என்ற பெயரைச் சொன்னதும் கிளாஸைக் கீழே வைத்தார்.

"யாரு சொன்னா உனக்கு?"

"கேஸ் ஷீட்டுல இருக்குதுண்ணா. டெத் எழுதல. என்ன ஆச்சு அவங்களுக்கு?"

அவர் சுற்றிலும் பார்த்தார்.

"அன்னிக்கு ஏகாம்பரநாதருக்குத் தேரு. ஊரே ராஜ வீதில நின்னுக்கினு இருந்துது. என்கூட டூட்டில இருந்தவன், ஒரு அரை மணி நேரத்துல பாத்துட்டு வந்துடறேன்னு போனான். மணி ரெண்டு ஆச்சி. அந்தம்மா, திருப்பி விடுப்பா, முதுகு எரியுதுப்பான்னு முனகிக்கினே இருந்துது. ரெண்டு பேரு வேணும், இரும்மா, அவன் வரட்டும்னேன். மூணு ஆச்சி. என்னால காதால கேக்க முடியல."

"அதனால?"

"ஒண்டியா திருப்பிட்டேன்."

தன் கைகளைப் பார்த்தார். அவை யாரோ ஒருவருடைய கைகள் போல மேஜைமேல் கிடந்தன.

"உள்ள ஒரு சத்தம் கேட்டுது. அப்பால அந்தம்மா பேசவே இல்ல. பெரிய டாக்டரு, எழுதுனா இவன் மேல கேஸு வரும்னு எதுவும் எழுதாம வுட்டுட்டாரு. நல்ல மனுசன். என்னைக் காப்பாத்துனாரு."

நான் எங்கள் கோட் பற்றிச் சொன்னேன். டி என்றால் என்ன என்று சொன்னேன். அவர் பாதிதான் புரிந்துகொண்டார். ஆனால் முகம் வெளுத்துவிட்டது.

"வரச் சொல்லி எழுதுனீங்களா? அழிச்சிடு. இன்னிக்கே அழிச்சிடும்மா."

அழித்தேன். மறுநாள் காலை ஏழாவது இடத்தில் டி இருந்தது. ஏ போட்டேன். மற்ற எழுத்துகளையும் ஒவ்வொன்றாகப் போட்டேன். கேஸையே நீக்கினேன். எதைச் செய்தாலும் மறுநாள் காலையில் நூற்று எழுபத்தொன்று அதே இடத்தில், அதே டியோடு நின்றது. அவளுக்கு நான் தர வேண்டிய எழுத்து பட்டியலில் இல்லவே இல்லை.

*

அடுத்த வாரம் வியாழக்கிழமை அவரை வேலைக்குப் போகவிடவில்லை. காமாட்சியம்மன் கோயிலுக்குப் பக்கத்துத் தெருவில் எங்கள் வாடகை வீடு. கதவைப் பூட்டிச் சாவியை ஜாக்கெட்டில் செருகிக்கொண்டேன்.

பத்து மணிக்கு எழுந்து நின்றார். உட்கார்ந்தார்.

பன்னிரண்டு மணிக்கு அழுதார். கல்யாணமாகி ஏழு வருடத்தில் நான் அவர் அழுது பார்த்ததில்லை.

"புண்ணு வந்துடும் சங்கரி. ஒரே பக்கமா கெடக்கறாங்க. யாரும் இல்ல அங்க."

"அவங்க செத்து முப்பது வருசம் ஆச்சு."

"எங்க எழுதியிருக்குது?" என்று கேட்டார்.

நான் சமையலறையில் சாதம் வடித்துக்கொண்டிருந்தபோது பின்பக்கக் கொல்லைக் கதவு வழியாகப் போய்விட்டார். ஸ்கூட்டர் சத்தம் கேட்டு ஓடினேன். ஆட்டோ கிடைத்து நான் அந்தச் சந்துக்குள் நுழைந்தபோது மணி இரண்டு.

அவர் வார்டில், நான்காவது கட்டிலின் இந்தப் பக்கம் நின்றிருந்தார். விரிப்பின் ஓரத்தைச் சுருட்டி இரண்டு கையாலும் பிடித்திருந்தார். விரிப்பு நடுவில் பள்ளமாக இறங்கியிருந்தது. ஓர் ஆள் கனம். தோள் அகலம், இடுப்பு, சேர்த்து வைத்த இரண்டு கால்கள். எல்லாம் பள்ளமாகத் தெரிந்தன.

"வந்துட்டியா. அந்தப் பக்கம் புடி."

"வாங்க, போயிடலாம்."

"இத்தனை நாளு தலகாணி குடுத்துச் சமாளிச்சேன். இன்னிக்கி முழுசா திருப்பணும். ரெண்டு பேரு வேணும் சங்கரி. அந்தப் பக்கம் புடி."

பள்ளம் மெல்ல அசைந்தது. தலையணையில் தலை இருக்க வேண்டிய இடம் என் பக்கமாகத் திரும்பியது.

"திருப்பி விடும்மா."

என்னிடம் கேட்டது.

என் கால்கள் பின்னால் போயின. இதை நான் எத்தனையோ முறை எனக்கே வேறு மாதிரி சொல்லிப் பார்த்திருக்கிறேன். கை நீட்டினேன், அதற்குள் நேரம் கடந்துவிட்டது என்று. அப்படி இல்லை. நான் பின்னால் போனேன். பச்சைத் திரை என் முதுகில் பட்டது.

அவர் என்னைப் பார்த்தார். கோபமில்லை. அவசரம் மட்டும்தான்.

"ஒண்ணு. ரெண்டு," என்றார். தனியாகத் திருப்பினார்.

ஒரு சத்தம் கேட்டது.

கட்டிலிலிருந்து அல்ல.

*

ஆஸ்பத்திரியின் மெயின் ரோட்டுக் கட்டடத்தில் டாக்டர் வசந்த் எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் மாட்டினார். சின்ன வயது. நிதானமானவர்.

"எல் ஒண்ணு சிதறியிருக்கு. நரம்பும் போயிருக்கு. எவ்வளவு உயரத்திலேர்ந்து விழுந்தார்?"

"விழல. நின்னுக்கினு இருந்தாரு."

"நின்னுக்கினு இருந்தா இப்படி ஆகாதும்மா."

உயரத்திலிருந்து விழுந்தது என்று எழுதிக்கொண்டார்.

மூன்று நாள் நானும் ஒரு நர்ஸும் இரண்டு மணி நேரத்துக்கு ஒரு முறை அவரைத் திருப்பினோம். அப்போது நான் பின்னால் போகவில்லை. எவ்வளவு லேசாகப் பிடித்தேன், எவ்வளவு சரியாகப் பிடித்தேன். ஞாயிற்றுக்கிழமை காலை காலில் கட்டிய ரத்தம் நுரையீரலுக்குப் போய்விட்டது என்றார்கள். அவருக்கு முப்பத்தேழு வயது.

காரியங்கள் முடிந்து, அவருடைய டிபன் டப்பாவையும் கண்ணாடியையும் எடுக்க அந்த வீட்டுக்குப் போனேன். முனிசாமி சாவியைக் கையில் கொடுத்துவிட்டுச் சந்திலேயே நின்றுகொண்டார். மேஜைமேல் நூற்று எழுபத்தொன்று திறந்து கிடந்தது. கடைசியாக ஒரு புதிய தாள். தேதி அந்த வியாழக்கிழமை. நேரம் இரண்டு பத்து.

"துணையின்றி நடக்கிறார். மறுவருகை தேவையில்லை."

நான்காவது கட்டில் காலியாக இருந்தது. விரிப்பை யாரோ நான்காக மடித்துத் தலைமாட்டில் வைத்திருந்தார்கள்.

நாங்கள் எழுதியது பலித்துவிட்டது. அவளுடைய எலும்பு கூடிவிட்டது. யாருடைய எலும்பை எடுத்துக்கொண்டு கூடியது என்பதும் எனக்குத் தெரிந்தது.

நான் அங்கேயே உட்கார்ந்து கம்ப்யூட்டரைப் போட்டேன். நானூற்றுப் பன்னிரண்டோடு முடிந்த பட்டியலில் நானூற்றுப் பதின்மூன்றைச் சேர்த்தேன். ஜெயக்குமார், வயது முப்பத்தேழு. ஆறு இடங்களையும் எந்தத் தவறும் இல்லாமல் நிரப்பினேன். ஏழாவது இடத்தில் டி போட்டேன். கோட் செய்தவர் என்ற இடத்தில் என் பெயரை மட்டும் போட்டேன். எடுத்துக்கொள்வதென்றால் என்னுடையதை எடுத்துக்கொள்ளட்டும். வேறு யாருக்கும் இதில் பங்கு வேண்டாம்.

விரிப்பையும் ஒரு காலி சார்ட்டையும் டிபன் டப்பாவோடு பையில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன்.

*

மறுநாள் காலை பத்து மணிக்கு நடு அறையில் மாவுக்கட்டின் வாசனை வந்தது. கட்டிலில் விரித்திருந்த விரிப்பு அவருடைய உயரத்துக்கு அமுங்கியது. நான் தரையில் உட்கார்ந்து, அமுங்கிய தலையணைக்குப் பக்கத்தில் முகத்தை வைத்துக்கொண்டேன். எனக்கு அது போதுமாக இருந்தது.

"சங்கரி. திருப்பி விடு."

முதல் மாதம் தலையணை கொடுத்துச் சமாளித்தேன். பத்து, பன்னிரண்டு, இரண்டு, நான்கு. அப்புறம் இரவும் சேர்ந்துகொண்டது. சார்ட்டில் ஒவ்வொரு முறையும் "ச" என்று போட்டேன். நிலைமை என்ற கட்டத்தில் நான் எழுதாமலே ஒரு சொல் வந்து விழுந்தது. மாற்றமில்லை. மாற்றமில்லை. மாற்றமில்லை.

என் பெயரைச் சொல்வது குறைந்துகொண்டே வந்தது. ஆடி மாதம் ஒரு மத்தியானம், "யாராவது இருக்கீங்களா?" என்று கேட்டார்.

"நான்தான். இங்கதான் இருக்கறேன்," என்றேன்.

"யாராவது திருப்பி விடுங்க," என்றார்.

அதன் பிறகு ஒருமுறைகூட என் பெயரைச் சொல்லவில்லை.

முனிசாமியிடம் போய், ஒரே ஒரு முறை வந்து அந்தப் பக்கம் பிடியுங்கள் என்று கெஞ்சினேன். தெருமுனை வரை வந்தார். காற்றை முகர்ந்தார். தோளில் கிடந்த துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு திரும்பிப் போய்விட்டார். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் இல்லை.

தனியாகத் திருப்பிவிடலாம் என்று ஒரு நாள் முடிவு செய்தேன். வெள்ளிக்கிழமை, மணி இரண்டு. பக்கத்து வீட்டில் தறி ஓடிக்கொண்டிருந்தது. விரிப்பின் ஓரத்தைச் சுருட்டிப் பிடித்தேன். "ஒண்ணு, ரெண்டு," என்றேன்.

அந்தப் பக்கம் விரிப்பு எழும்பியது.

அளவாக, இறுக்கமாக, என் கைக்குச் சரியாக. அந்தப் பக்கம் சுவரும் ஜன்னலும்தான் இருந்தன. அவர் சுலபமாகத் திரும்பினார். பெருமூச்சு விட்டார். சார்ட்டில் இத்தனை நாள் காலியாகக் கிடந்த இரண்டாவது கட்டத்தில் ஓர் எழுத்து.

"க."

அன்றிலிருந்து தினமும் அவள் வந்தாள். மறுவருகை தேவையில்லாதவள் எதற்காக வந்தாள் என்று எனக்குத் தெரியாது. ஆரம்பத்தில் அதை நன்றி என்று நினைத்தேன்.

போன வாரம் நிலைமைக் கட்டத்தில் சொல் மாறியது. "கால் விரல் அசைகிறது." அன்றைக்குக் குளிக்கும்போது என் இடது கால் விரல்களில் வெந்நீரின் சூடு தெரியவில்லை. நான் பயப்படவில்லை. இதைத்தானே கேட்டேன். எழுந்துவிட்டால் என்னை ஒருமுறை பார்ப்பார், என் பெயர் நினைவு வரும், அது போதும் என்று நினைத்தேன்.

நேற்றுச் சாயங்காலம் அந்தக் கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தவள், எழுந்திருக்க முடியவில்லை. அப்படியே சாய்ந்தேன். தறிச் சத்தம் நின்றது, விளக்குப் போட யாரும் இல்லை, தூங்கிப்போனேன். கண் விழித்தபோது மறுநாள் மத்தியானம் இரண்டு மணி தாண்டியிருந்தது.

இதை நான் இடது பக்கம் சாய்ந்து படுத்தபடி எழுதுகிறேன். தலைமாட்டில் இருந்த நோட்டும் பேனாவும் கைக்கு எட்டின. நேற்று நான் மல்லாக்கத்தான் தூங்கினேன்.

சார்ட் என் கண்ணுக்கு நேராக மாட்டியிருக்கிறது. காலை பத்து மணி, வலது. பன்னிரண்டு மணி, மல்லாக்க. இரண்டு மணி, இடது. முதல் கட்டத்தில் "ச" இல்லை. "ஜெ" என்று இருக்கிறது. இரண்டாவது கட்டத்தில் "க".

மேலே, நோயாளி பெயர் எழுதும் இடத்தில், என் பெயர்.

அவரைக் கூப்பிட்டுப் பார்த்தேன். பதில் இல்லை. ஆனால் அறையில் இரண்டு பேர் நடக்கும் சத்தம் கேட்கிறது. இருவருமே நன்றாக நடக்கிறார்கள். துணையின்றி நடக்கிறார்கள்.

மணி நான்காகப் போகிறது. விரிப்பு என் முதுகுப் பக்கம் இறுகுகிறது.

"அந்தப் பக்கம் புடிமா," என்கிறார் அவர். என்னிடம் அல்ல.

இந்தப் பக்கமும் இறுகுகிறது.